காணாமல் போன ஆட்டின் தடம் பிடிக்க நாட்டு நாயைப் பழக்கும் முறை

வண்டலூர் – வாலாஜாபாத் சாலையும் ஸ்ரீபெரும்புதூர் – சிங்கப்பெருமாள்கோயில் சாலையும் குறுக்கிடும் ஒரகடம் கூட்டுச்சாலையில் இரவு, பகல் என்ற வேறுபாடு கிடையாது. புதிய கார்களை அடுக்கி ஏற்றிய நீண்ட லாரிகளும் ஆலைத் தொழிலாளரை ஏற்றிச் செல்லும் பஸ்களும் ஓயாமல் ஓடுகின்றன. இருங்காட்டுக்கோட்டையில் 1998இல் கார் உற்பத்தி தொடங்கியது. ஒரகடத்தில் 2010 முதல் கார் ஆலையும், பின்னர் லாரி, மோட்டார் சைக்கிள் ஆலைகளும் வந்தன. ஆனால் ஆலை மதிலுக்குப் பின்னால் சென்று பார்த்தால் ஏரிக்கரையும் நெல் தாளும் சீமைக் கருவேல் புதரும் இன்னும் இருக்கின்றன. பத்துப் பதினைந்து வெள்ளாடுகளையோ, இந்த வட்டாரத்துக்கே உரிய மெட்ராஸ் சிவப்புச் செம்மறிகளையோ வைத்துப் பிழைக்கும் சிறு விவசாயிகளும் இருக்கிறார்கள்.

இவர்களுக்கு ஒரு ஆடு போனால் அது ஒரு பருவத்தின் விதைச் செலவு போனது போல. முன்பெல்லாம் காணாமல் போன ஆடு அடுத்த ஊர் எல்லைக்குள்தான் கிடக்கும். இன்று பட்டியில் இருந்து பெருஞ்சாலைக்குப் பத்து நிமிட நடை. அங்கே ஒரு சிறு வேன் நின்றால் விடிவதற்குள் ஆடு வேறு மாவட்டத்தில் இருக்கும். எனினும், காணாமல் போகும் ஆடுகளெல்லாம் களவு போவதில்லை. சினை ஆடு மறைவிடம் தேடிப் புதருக்குள் ஒதுங்குவதும், குட்டி பாழுங்கிணற்றில் விழுவதும், மாலையில் மந்தையைப் பிரிந்தது ஆலை மதிலை ஒட்டி வழி தவறி நடப்பதும் உண்டு. இத்தகைய சமயங்களில் தடம் பிடிக்கப் பழகிய நாய் ஒன்று வீட்டில் இருந்தால் பெரும் உதவி. அதற்கு விலை உயர்ந்த வெளிநாட்டு நாய் தேவையில்லை. ஒரு கயிறும், ஒரு மார்பு வாரும், ஐந்தாறு மாதப் பொறுமையும் போதும்.

மூக்கின் வேலை

மனிதனின் மூக்கில் வாசனை உணரும் செல்கள் சுமார் 50 லட்சம் என்றும், நாயின் மூக்கில் இனத்துக்கு ஏற்ப 20 கோடிக்கு மேல் என்றும் கணக்கிடப்பட்டுள்ளது. ஆடோ ஆளோ நடந்து போகும்போது தோல் துகள், மயிர், வியர்வை வாடை உதிர்ந்துகொண்டே செல்கின்றன. குளம்பு பட்டு நசுங்கிய புல்லும் கிளறப்பட்ட மண்ணும் தனி வாடை தருகின்றன. இவை அனைத்தும் சேர்ந்ததுதான் நாய் பிடிக்கும் தடம்.

தடம் எந்தத் திசையில் போனது என்பதையும் நாய் அறியும். நார்வே நாட்டில் நடந்து 1993இல் வெளியான ஓர் ஆய்வில், பழகிய ஜெர்மன் ஷெப்பர்டு நாய்களைத் தடத்துக்குக் குறுக்கே கொண்டு வந்து விட்டார்கள். இரண்டு முதல் ஐந்து காலடிகளை முகர்ந்ததுமே, ஆள் எந்தப் பக்கம் போனான் என்று அவை சரியாகத் திரும்பின. புல் தரையில் மட்டுமல்ல, சிமெண்ட் தரையிலும் இது நடந்தது. ஆனால் சிமெண்ட் தரையில் சோதித்தது மூன்றே நிமிடம் ஆன தடம். புல் தரையிலோ 20 நிமிடம் ஆனது. ஈரம் உள்ள மண்ணும் புல்லும் வாடையைப் பிடித்து வைக்கும். காய்ந்த தரையும் தார்ச் சாலையும் விரைவில் விட்டுவிடும். பனி விழுந்த விடியற்காலை, மெல்லிய காற்று, நிழல் ஆகியவை நாய்க்குத் துணை. உச்சி வெயிலும் பலத்த காற்றும் பகை.

எந்த நாய்?

மோப்ப வேட்டைக்கென்றே மேல்நாட்டில் வளர்க்கப்பட்ட பிளட்ஹவுண்ட், பீகிள் போன்ற இனங்கள் உண்டு. தொங்கும் காதும் தரையோடு ஒட்டிய மூக்குமாக மைல் கணக்கில் தடம் பிடிப்பவை இவை. நம் சிப்பிப்பாறையும் கன்னியும் ராஜபாளையமும் பெரும்பாலும் கண்ணால் கண்டு ஓடிப் பிடிக்கும் இனங்கள். இதனால் நாட்டு நாய்க்கு மோப்பம் வராது என்று பலர் எண்ணிவிடுகிறார்கள். அது சரியல்ல. 2021இல் நீலகிரி மாவட்டம் கூடலூர், மசினகுடிப் பகுதிகளில் டி23 என்ற புலியை வனத்துறையினர் மூன்று வாரம் தேடினார்கள். அந்தத் தேடலில் அதவை என்ற நாட்டு இன மோப்ப நாயும் இறக்கப்பட்டது. நாய் மட்டுமே புலியைக் கண்டுபிடித்துவிட்டது என்று சொல்வதற்கில்லை. கேமராக்கள், கும்கி யானைகள், காட்டை அறிந்த ஆட்கள் எல்லாம் சேர்ந்தே அந்த ஆண்டு அக்டோபர் 15இல் அதை மயக்க ஊசி செலுத்திப் பிடித்தார்கள். எனினும் புலித் தடத்துக்கே நாட்டு இன நாயை நம்பி இறக்கினார்கள் என்றால், ஆட்டுத் தடத்துக்கு ஊர் நாய் போதாதா?

தெருவில் பிறந்த குட்டியே போதுமானது. இனத்தைவிடக் குணத்தைப் பார்க்க வேண்டும். குட்டிகள் கூட்டமாக இருக்கும் இடத்தில் ஒரு வேக வைத்த ஈரல் துண்டைத் தரையில் இழுத்துச் சென்று புல்லுக்குள் ஒளித்து வைத்தால், கண்ணை உருட்டிக்கொண்டு அங்குமிங்கும் ஓடும் குட்டியைவிட, மூக்கைத் தரையில் பதித்து நிதானமாக வரும் குட்டியே நல்லது. சத்தத்துக்கு மிரளுவது இந்த வட்டாரத்துக்கு ஆகாது. லாரி ஹாரன் இங்கே நிற்கப் போவதில்லை. குட்டியை ஆடுகளோடு சேர்த்தே வளர்க்க வேண்டும். ஆட்டைக் கண்டதும் விரட்டும் நாய், காணாமல் போன ஆட்டைக் கண்டுபிடித்து இன்னும் தொலைவுக்கு ஓட்டிவிடும்.

மூன்று மாதம் ஆனதும் வெறிநோய்த் தடுப்பூசி போட்டு, பின்னர் ஆண்டுதோறும் தவறாமல் போட்டுவர வேண்டும். டிஸ்டெம்பர் நோய்த் தடுப்பூசியும் முக்கியம். அந்த நோயில் பிழைக்கும் நாய்க்குக்கூட மோப்ப சக்தி குறைந்துவிடலாம்.

முதல் தடம்

ஆறு மாதக் குட்டிக்கு முறையான பயிற்சி தொடங்கலாம். அதற்கு முன் விளையாட்டாக ஒளித்துத் தேடச் செய்தால் போதும். நாய் பசியோடு இருக்கும் காலை நேரமே ஏற்றது. ஒருவர் பழகிய ஆடு ஒன்றைக் கயிற்றில் பிடித்துக்கொண்டு பட்டியில் இருந்து ஐம்பது அடி தூரம் நேராக நடந்து ஒரு புதருக்குப் பின்னால் நிற்க வேண்டும். காற்று அவர் முதுகுப் பக்கம் இருந்து வீசும்படி நடப்பது முக்கியம். எதிர்க் காற்றில் நடந்தால் ஆட்டின் வாடை காற்றிலேயே நேராக வந்து சேரும். நாய் தலையைத் தூக்கிக்கொண்டு ஓடும். தரையைப் படிக்கக் கற்காது.

இப்போது நாய்க்கு மார்பு வாரை மாட்ட வேண்டும். கழுத்துப் பட்டையில் கயிறு கட்டித் தடம் பிடிக்க விடக்கூடாது. இழுக்கும்போது கழுத்து இறுகும், முகர்வதும் தடைப்படும். தவிர, மார்பு வார் மாட்டினால் வேலை, பட்டை மாட்டினால் ஓய்வு என்ற வேறுபாட்டை நாய் சீக்கிரமே புரிந்துகொள்ளும். வாரில் இருபது, முப்பது அடி நீளக் கயிறு இருக்கட்டும். ஆட்டின் கழுத்துக் கயிற்றை நாயிடம் முகரக் கொடுத்து, "தேடு" என்று ஒரே ஒரு முறை சொல்லி, தடம் தொடங்கும் இடத்தில் விட வேண்டும். எந்தச் சொல் என்பது பொருட்டல்ல. ஆனால் வீட்டில் உள்ள அனைவரும் அதே சொல்லைச் சொல்ல வேண்டும். ஆட்டை அடைந்ததும் அதன் காலடியிலேயே ஈரல் துண்டோ அவித்த முட்டையோ கொடுத்துத் தட்டிக் கொடுக்க வேண்டும். கருவாடு நாய்க்குப் பிடிக்கும் என்றாலும் உப்பால் தாகம் எடுத்து வேலை கெடும்.

ஒரு நாளைக்குப் பத்து நிமிடம், வாரத்தில் மூன்று நான்கு நாள் போதும். நாய் சலிப்பதற்கு முன்பே நிறுத்திவிட வேண்டும். ஐம்பது அடி நூறாகி, நூறு முந்நூறாகி, பின் ஒரு ஃபர்லாங் ஆகட்டும். அடுத்து ஒரு மெல்லிய வளைவு. அதன் பின் நேர் கோணத் திருப்பம். திருப்பத்தில் ஒரு குச்சியை நட்டு வைத்தால், பின்னால் வருபவருக்குத் தடம் எங்கே திரும்பியது என்று தெரியும். தொலைவையும் தடத்தின் வயதையும் ஒரே நாளில் கூட்டக்கூடாது. தூரத்தைக் கூட்டும் நாளில் தடம் புதிதாக இருக்கட்டும். தடத்தைப் பழசாக்கும் நாளில் தூரம் குறையட்டும். முதலில் கால் மணி நேரம், பிறகு அரை மணி, ஒரு மணி, மூன்று மணி என்று வளர்த்துக்கொண்டு போக வேண்டும். நள்ளிரவில் போன ஆடு விடியலில்தான் தெரியவரும் என்பதால், நான்கு ஐந்து மணி நேரத் தடத்தைப் பிடிக்கும் அளவுக்கு நாய் தேறினால்தான் உண்மையில் பயன்.

கடினமான பாடம் பிற ஆடுகளின் தடம். ஒரு மந்தை தினமும் நடக்கும் பாதையில் எல்லா ஆட்டின் வாடையும் கலந்து கிடக்கும். அதில் ஒன்றை மட்டும் பிரித்தறிய நாய்க்குப் பல வாரப் பயிற்சி தேவை. பயிற்சியில் இரண்டு ஆடுகளைச் சேர்த்து நடத்திச் சென்று, பாதியில் ஆளுக்கு ஒரு பக்கம் பிரித்து, எந்த ஆட்டின் கயிற்றை முகரக் கொடுத்தோமோ அதன் பக்கம் போனால் மட்டும் தின்னக் கொடுக்க வேண்டும். பால் தரும் ஆடு, பொலி கிடா ஆகியவற்றின் கழுத்துக் கயிற்றைத் தனித்தனியே முடிச்சிட்ட பாலிதீன் பைகளில் போட்டு வைப்பது நல்ல பழக்கம். கயிறு இல்லாத ஆடு காணாமல் போனால், மீதி ஆடுகளை எல்லாம் பட்டியில் அடைத்து நாயை அவற்றின் நடுவே ஒருமுறை நடத்தி முகரச் செய்து, பின் வெளிவாசலில் இருந்து தொடங்கலாம். இங்கே இல்லாத ஒன்றின் வாடையைத் தேடும் இந்த முறைக்கும் நாயை முன்கூட்டியே பழக்க வேண்டும்.

கயிற்றைப் பிடிப்பவர்

பயிற்சியில் பாதி நாய்க்கு, பாதி மனிதனுக்கு. பலர் தோற்பது இரண்டாவது பாதியில்தான். ஆடு ஏரிப் பக்கம்தான் போயிருக்கும் என்று கயிற்றைப் பிடித்தவர் மனத்தில் நினைத்துவிட்டால், அவர் கால் அந்தப் பக்கம் திரும்பும், கயிறு அந்தப் பக்கம் இறுகும், நாயும் எஜமான் விருப்பத்தைக் கண்டு அங்கேயே போகும். 2011இல் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தார் ஒரு சோதனை நடத்தினார்கள். அது தடம் பிடிப்பதில் அல்ல, போதைப் பொருள், வெடி மருந்து தேடும் நாய்களில். கட்டடத்தில் எந்தப் பொருளும் ஒளித்து வைக்கப்படவில்லை. ஆனால் சில இடங்களில் ஒட்டிய சிவப்புத் தாள், பொருள் இருக்கும் இடத்தைக் காட்டும் என்று நாயைப் பிடித்தவர்களிடம் சொல்லிவிட்டார்கள். பதினெட்டு நாய்களும் சேர்ந்து 225 தடவை தவறாக "இங்கே இருக்கிறது" என்று காட்டியதாகப் பதிவாயிற்று. சிவப்புத் தாள் இருந்த இடங்களில்தான் அது அதிகம்.

ஆகவே தடம் தெரிந்த பயிற்சிகள் சில வாரம் நடந்ததும், தடம் போட்டவருக்கு மட்டும் வழி தெரிந்து, கயிற்றைப் பிடிப்பவருக்குத் தெரியாத பயிற்சி கட்டாயம் தேவை. நாய் தடத்தை விட்டுவிட்டால் திட்டக்கூடாது, இழுக்கக்கூடாது. அசையாமல் நின்று, கயிற்றை முழு நீளத்துக்கும் விட்டு, நாய் வட்டமடித்துத் தானே பிடிக்க வாய்ப்புத் தர வேண்டும். பிடிக்காவிட்டால் கடைசியாக உறுதியாக இருந்த இடத்துக்குத் திரும்பி மறுபடி தொடங்கலாம். தடத்தில் இருக்கும்போது நாயின் வால், காது, மூச்சின் வேகம் ஒரு மாதிரி இருக்கும். விட்டதும் தலை நிமிரும், மூச்சு மாறும். இந்த வேறுபாட்டைக் கற்றவரே நல்ல பயிற்சியாளர்.

மண்ணைப் பார்க்கும் கண்ணும் உடன் இருந்தால் இன்னும் நலம். இந்த வட்டாரத்து இருளர் மக்களில் பெரியவர்களுக்கு இந்தக் கலை கைவந்தது. செங்கல்பட்டு மாவட்டத்தைச் சேர்ந்த மாசி சடையன், வடிவேல் கோபால் ஆகிய இரு இருளர்கள் 2017இல் அமெரிக்காவின் ஃபுளோரிடா மாநிலத்துக்கு அழைக்கப்பட்டு, அங்கே பெருகிவிட்ட மலைப்பாம்புகளைத் தடம் பார்த்துப் பிடித்துக் கொடுத்தார்கள். இருவருக்கும் 2023இல் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. நாய் ஒரு பக்கம் போகும்போது, குளம்படி உண்டா, செருப்படி மட்டுமா என்று பார்க்கத் தெரிந்த ஒருவர் பின்னால் வந்தால், ஆடு நடந்து போயிற்றா, தூக்கிச் செல்லப்பட்டதா என்பது தெரிந்துவிடும். தூக்கிச் சென்ற ஆட்டின் வாடை தரையில் குறைவாகவே விழும். அப்போது பட்டி வாசலில் உள்ள புதிய காலடியில் இருந்து ஆள் தடத்தைத் தொடர வேண்டியிருக்கும். எனவே ஆட்டுத் தடத்தோடு ஆள் தடத்தையும் நாய்க்குப் பழக்குவது அவசியம்.

விடியற்காலையில் ஆடு இல்லை என்று தெரிந்ததும் ஊரைக் கூட்டக்கூடாது. இருபது பேர் பட்டியைச் சுற்றி மிதித்துவிட்டால் எந்த நாயாலும் ஒன்றும் செய்ய இயலாது. முதலில் நாயை இறக்கிவிட்டுப் பிறகு அக்கம்பக்கத்தாருக்குச் சொல்லலாம்.

வாசலில் நின்ற நாய்

நாய் ஒருவர் வீட்டு வாசலில் போய் நின்றுவிட்டால் என்ன செய்வது? இதில்தான் மிகுந்த கவனம் தேவை. நேற்று அந்த வீட்டார் அதே பாதையில் ஆடு ஓட்டி வந்திருக்கலாம். நம் ஆடு தானாகவே அங்கே சென்று தழை கடித்திருக்கலாம். நாய் தடம் மாறியிருக்கலாம். மகாராஷ்டிர மாநில வழக்கு ஒன்றில் 1969இல் உச்ச நீதிமன்றம் நாயின் தடம் பற்றிய சாட்சியத்தைப் பரிசீலித்தபோது, அதற்கு எதிராகக் கூறப்படும் தடைகளை எடுத்துக் காட்டியது. நாய் கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லாது, அதைக் குறுக்கு விசாரணை செய்ய முடியாது. அதை நடத்தியவர் தாம் புரிந்துகொண்டதைத்தான் சொல்கிறார். ஒரு மனிதனின் உயிரும் சுதந்திரமும் நாயின் ஊகத்தை நம்பி இருக்கலாகாது என்பவை அவை. போலீஸ் நாய்க்கே இந்த நிலை என்றால் வீட்டு நாய்க்குச் சொல்ல வேண்டியதில்லை. களவு என்றதும் ஊருக்கு வெளியே உள்ள குடிசையைச் சுட்டும் பழக்கம் சில இடங்களில் உண்டு. நாயைக் காரணம் காட்டி அதற்கு வலு சேர்ப்பது பெரும் தவறு. நாய் காட்டும் இடம் தேடத் தொடங்க ஓர் இடம், அவ்வளவே. யார் மீதும் கை வைக்காமல், வாய்ச்சண்டை இல்லாமல், போலீசுக்குத் தெரிவிக்க வேண்டும்.

பெரும்பாலான களவுத் தடங்கள் சாலை ஓரத்தில் முடிந்துவிடும். நாய் ஒரே இடத்தில் சுற்றிச் சுற்றி வந்து நிமிர்ந்து பார்த்தால், அங்கே வண்டியில் ஏற்றியிருக்கிறார்கள் என்று கொள்ளலாம். அதற்கு மேல் நாயைச் சாலையில் இறக்கக்கூடாது. கயிற்றைச் சுருட்டிப் பிடித்துக்கொள்ள வேண்டும். லாரி வேகத்துக்கு நாயும் மிஞ்சாது, நடத்துபவரும் மிஞ்சமாட்டார். ஆனால் உழைப்பு வீண் அல்ல. ஆலைகள் வந்ததால் மேய்ச்சல் நிலம் சுருங்கியது மெய். கூடவே ஆலை வாசலிலும் கடை முகப்பிலும் நெமிலி சுங்கச்சாவடியிலும் கேமராக்கள் வந்திருக்கின்றன. எந்த இடத்தில் ஏற்றினார்கள், அந்த இடத்தில் இருந்து வண்டி எந்தப் பக்கம் திரும்பியிருக்கலாம் என்று சொல்ல முடிந்தால், போலீசார் பார்க்க வேண்டிய பதிவு பத்துக்குப் பதில் ஒன்றிரண்டாகக் குறையும். இடத்தை ஒரு கல் வைத்து அடையாளம் செய்து, நேரத்தைக் குறித்துக்கொண்டு, ஆட்டின் நிறம், காது மடல், கொம்பு அடையாளங்களோடு புகார் எழுதித் தர வேண்டும். ஆடுகளைப் புகைப்படம் எடுத்து வைத்திருப்பது இதற்கு உதவும்.

தடம் பிடிக்கத் தெரிந்த நாயை முயல் வேட்டைக்குக் கூட்டிச் செல்ல ஆசைப்படும் இளைஞர்கள் உண்டு. 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி அது குற்றம். காட்டுப்பன்றியைச் சுட 2025 ஜனவரியில் தமிழக அரசு அளித்த அனுமதியும் வனத்துறையினருக்கு மட்டுமே. விவசாயிக்கோ அவர் நாய்க்கோ அல்ல. அதோடு, முயல் வாடையின் ருசி கண்ட நாய் ஆட்டுத் தடத்தைப் பாதியில் விட்டு ஓடிவிடும்.

நாயின் உடல்நலத்தில் உண்ணிதான் இங்கே முதல் எதிரி. புதருக்குள் போய் வந்த நாயின் காது மடிப்பு, விரல் இடுக்குகளை அன்றன்றே பார்த்து உண்ணியை எடுக்க வேண்டும். மூக்கில் ரத்தம் வடிந்தாலோ, இரை எடுக்காமல் காய்ச்சலாகக் கிடந்தாலோ உண்ணிக் காய்ச்சலாக இருக்கலாம்; உடனே அரசு கால்நடை மருத்துவமனைக்குக் கொண்டு செல்ல வேண்டும். பூச்சி மருந்து தெளித்த வயலில் அன்று பயிற்சி கூடாது. வேலைக்குச் சற்று முன் தண்ணீர் கொடுக்கலாம், சோறு கூடாது. ஆடு வளர்ப்பு பற்றிய சந்தேகங்களுக்குக் காட்டுப்பாக்கம் வேளாண் அறிவியல் நிலையத்தை அணுகலாம். ஒரகடத்தில் இருந்து அது அதிகத் தொலைவில்லை.

பயிற்சி தொடங்க ஏற்ற காலம் தை மாதம். சம்பா அறுவடை முடிந்து வயல் திறந்து கிடக்கும். விடியலில் பனி இருக்கும். ஏரிக்கரையில் புல் காயாது. அப்போது ஐம்பது அடித் தடத்தில் தொடங்கிய குட்டி, பங்குனி வெயில் ஏறுவதற்குள் ஒரு மணி நேரத் தடத்தைப் பிடித்துவிட வேண்டும். சித்திரை, வைகாசியில் சூரியன் எழும் முன்பே பயிற்சியை முடித்து, தார்ச் சாலையில் நாயின் பாதம் படாமல் கூட்டி வர வேண்டும். புறங்கையைச் சாலையில் வைத்துப் பார்த்து, ஐந்து எண்ணும் வரை தாங்க முடியாவிட்டால் நாயின் பாதமும் தாங்காது.